முதலில் மண்ணைக் கேளுங்கள்

(வைத்திக்குப்பத்தில் உழவர்களிடையே ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



வைத்திக்குப்பம் புதுச்சேரி நகரின் கரையோரத்தில் அமைந்த மீனவர் ஊர். இங்கே ஏர் பூட்டி உழும் நிலம் இல்லை. மண்ணைப் பற்றிப் பேச வந்தவர் கடற்கரை மணலில் நின்றுகொண்டு பேசுகிறாரே என்று நீங்கள் நினைக்கலாம். ஆனால் ஆண்டுதோறும் மாசி மகத்தன்று இந்தக் கரைக்கு யார் யார் வருகிறார்கள் என்பது உங்களுக்குத் தெரியும். மயிலம் முருகன், தீவனூர் விநாயகர், திண்டிவனம் சீனிவாசப் பெருமாள் என்று சுற்றுப்புறத் தெய்வங்கள் எல்லாம் தீர்த்தவாரிக்காக இங்கே எழுந்தருளுகின்றன. அவற்றோடு செம்மண் ஊரிலிருந்தும், களிமண் ஊரிலிருந்தும், ஆற்றுவண்டல் ஊரிலிருந்தும் உழவர்கள் வருகிறார்கள். பல வகை மண்ணை மிதித்த கால்கள் ஒரே மணலில் நிற்கும் இடம் இது. ஆகவே மண்ணைப் பற்றிப் பேச இதைவிடப் பொருத்தமான இடம் வேறு இல்லை.

குனிந்து ஒரு கைப்பிடி மணலை அள்ளிப் பாருங்கள். விரல் இடுக்கில் வழிந்து போய்விடும். அதன் மேல் ஒரு குவளை நீரை ஊற்றினால் கண்மூடித் திறப்பதற்குள் காணாமல் போகும். இப்போது பாகூர்ப் பக்கத்து வயலின் ஈரக் களியை ஒரு பிடி நினைத்துப் பாருங்கள். கையைக் கழுவினாலும் எளிதில் போகாது. நீரை ஊற்றினால் அப்படியே தேங்கி நிற்கும். இரண்டையும் நாம் மண் என்றே சொல்கிறோம். இரண்டுக்கும் ஒரே அளவு யூரியாவை ஒரே முறையில் போடுகிறோம். பிறகு விளைச்சல் ஏன் குறைந்தது என்று கேட்கிறோம். இந்தக் கேள்விக்கு விடை மண்ணுக்குள்ளேயே இருக்கிறது. அதைத்தான் இன்று பார்க்கப் போகிறோம்.

மண்ணில் என்ன இருக்கிறது?

நல்ல விளைநிலத்து மண்ணை எடுத்துக்கொண்டால், அதன் கொள்ளளவில் ஏறத்தாழப் பாதிதான் திடப்பொருள். மீதிப் பாதி வெறும் இடைவெளி. அந்த இடைவெளியில் நீரும் காற்றும் பங்கு போட்டுக்கொள்கின்றன. கணக்காகச் சொன்னால், தாதுப்பொருள் 45 விழுக்காடு, நீர் 25 விழுக்காடு, காற்று 25 விழுக்காடு, மட்கு என்னும் அங்ககப் பொருள் 5 விழுக்காடு. இது புத்தகத்தில் எழுதப்பட்ட நல்ல மண். நம் வெப்ப நாட்டில் அங்ககப் பொருள் விரைவில் எரிந்து போய்விடுவதால், நம் வயல்கள் பலவற்றில் ஒரு விழுக்காடு இருந்தாலே பெரிது.

தாதுப்பொருள் என்பது பாறை சிதைந்து வந்தது. பூமியின் மேல்ஓட்டின் எடையில் ஏறத்தாழ 47 விழுக்காடு ஆக்சிஜன், 28 விழுக்காடு சிலிக்கான், 8 விழுக்காடு அலுமினியம், 5 விழுக்காடு இரும்பு. மண்ணும் பெரும்பாலும் இவற்றால் ஆனதே. பயிர் உண்ணும் சத்துக்கள் மிச்சமுள்ள சிறு பங்கில்தான் அடங்கியிருக்கின்றன. அதிலும் தழைச்சத்து பாறையிலிருந்து வருவதில்லை, மட்கிலிருந்தே வருகிறது. நம் மண்ணில் மொத்தத் தழைச்சத்து பெரும்பாலும் 0.02 முதல் 0.1 விழுக்காடு வரைதான். ஆகவே மட்குக் குறைந்தால் தழைச்சத்தும் குறையும் என்பதை மறக்கக் கூடாது.

நம் காலடியில் கிடக்கும் மண்ணின் எடை என்ன தெரியுமா? ஒரு ஏக்கரில் மேல் 15 செ.மீ. ஆழத்து மண் மட்டும் ஏறத்தாழ 900 டன் இருக்கும். அதில் ஏக்கருக்கு 5 டன் தொழு உரம் இடுகிறோம். 900 டன்னில் 5 டன் என்பது நூற்றில் ஒரு பங்குகூட இல்லை. ஒரு முறை எரு அடித்துவிட்டு மண் திருந்தவில்லையே என்று சலித்துக்கொள்வது சரியல்ல. ஆண்டுதோறும் இட்டு வந்தால்தான் மண்ணில் மாற்றம் தெரியும்.

மணல், வண்டல், களி

மண் துகள்களை அளவைக் கொண்டு மூன்றாகப் பிரிப்பார்கள். 2 மி.மீ. முதல் 0.02 மி.மீ. வரை உள்ளது மணல். 0.02 முதல் 0.002 மி.மீ. வரை உள்ளது வண்டல். அதற்கும் நுண்ணியது களி. இம்மூன்றும் எந்த விகிதத்தில் கலந்திருக்கின்றன என்பதே மண்ணின் நயம். உழவு, நீர், உரம், பயிர் எல்லாவற்றையும் தீர்மானிப்பது இந்த நயமே. எருவாலும் உரத்தாலும் இதை எளிதில் மாற்ற முடியாது.

துகள் சிறுக்கச் சிறுக்க அதன் மேற்பரப்பு பெருகும். ஒரு கிராம் மணலின் மேற்பரப்பு உள்ளங்கைகளை விரித்த அளவுகூட இல்லை என்று சொல்லிவிடலாம். ஆனால் கரிசலில் உள்ள விரிந்து சுருங்கும் வகைக் களி ஒரு கிராம் எடுத்தால், அதன் உள்ளும் புறமுமான பரப்பு 800 சதுர மீட்டர் வரை இருக்கும். அதாவது ஏறத்தாழ 20 சென்ட் நிலம். நீரும் சத்தும் ஒட்டிக்கொள்ளும் இடம் இந்தப் பரப்புத்தான். மணலில் நீரும் சத்தும் ஏன் நிற்பதில்லை என்பது இப்போது விளங்கும்.

இன்னொன்றையும் கவனியுங்கள். மணலில் இடைவெளி அதிகம் என்று பலர் எண்ணுகிறார்கள். உண்மை அதுவல்ல. மணலின் மொத்த இடைவெளி 40 விழுக்காடு அளவில்தான். களியில் 50 விழுக்காட்டுக்கும் மேல் உண்டு. ஆனால் மணலில் உள்ள இடைவெளிகள் பெரியவை. நீர் நிற்காமல் ஓடிவிடும். களியில் உள்ளவை நுண்ணியவை, நீரைப் பிடித்துக்கொள்ளும். அதனால்தான் மணற்பாங்கான நிலம் ஒரு மணி நேரத்தில் 3 செ.மீ.க்கு மேல் நீரை விழுங்கிவிடுகிறது. களி நிலமோ அரை செ.மீ.க்கு மேல் விழுங்குவதில்லை. ஒரு மீட்டர் ஆழத்தில் பயிருக்குக் கிடைக்கும்படி மணல் பிடித்து வைக்கும் நீர் 5 முதல் 8 செ.மீ. வரை. நல்ல இருமண் பாங்கான நிலம் 15 செ.மீ. அளவுக்குப் பிடித்து வைக்கும்.

வீட்டிலேயே செய்யும் சோதனை

உங்கள் மண்ணின் நயத்தை அறிய ஒரு கண்ணாடிப் பாட்டில் போதும். அதில் மூன்றில் ஒரு பங்கு உலர்ந்த மண்ணைப் போட்டு, நீர் நிரப்பி, நன்றாகக் குலுக்கி ஆடாமல் வையுங்கள். ஒரு நிமிடத்துக்குள் அடியில் தங்குவது மணல். அதன் மேல் சில மணி நேரத்தில் படிவது வண்டல். பிறகு மெல்லப் படிவது களி. மறுநாள் ஓர் அளவுகோலை வைத்து அளந்தால் எது எத்தனை பங்கு என்பது ஓரளவு தெரிந்துவிடும்.

பாட்டில் இல்லாவிட்டால் கை இருக்கிறது. மண்ணை நனைத்து உருட்டுங்கள். உருண்டையே வராவிட்டால் மணல். உருண்டை வந்து, விரலால் நசுக்கி நாடாவாக இழுக்கும்போது உடைந்தால் இருமண். நீண்ட நாடாவாக உடையாமல் வந்தால் களி. நம் பாட்டன்மார் இதைச் சொல்லிக் கொடுக்காமலே செய்து வந்தார்கள்.

நம் பக்கத்து மூன்று மண்

புதுச்சேரியைச் சுற்றி மூன்று வகை மண்ணைத் தெளிவாகக் காணலாம்.

முதலாவது இந்தக் கரையோர மணல். இதில் பெரும்பகுதி சிலிக்கா. இடையிடையே தெரியும் கறுப்பு வரிகள் இரும்பும் டைட்டானியமும் கலந்த கனமான தாதுக்கள். கிளிஞ்சல் தூள் கலந்த இடத்தில் சுண்ணாம்பும் உண்டு. பயிருக்கு வேண்டிய சத்துக்களைப் பிடித்து வைக்கும் ஆற்றல் இதற்கு மிகக் குறைவு. இதற்கு அடுத்து உள்நாட்டில் இருக்கும் மணற்பாங்கான தென்னந்தோப்புகளுக்கும் நிலக்கடலைக் காடுகளுக்கும் இந்தக் குணத்தில் ஒரு பங்கு உண்டு.

இரண்டாவது காலாப்பட்டு, ஆரோவில் பக்கத்துச் செம்மண் மேடு. இரும்பு ஆக்சைடு கலந்திருப்பதால் இது சிவப்பு. மழை அடித்தால் மேல் மண் இறுகி ஓடு கட்டும். நீர் உள்ளே இறங்காமல் செந்நீராய் ஓடையில் ஓடி, மண்ணையும் அரித்துக்கொண்டு போய்விடும். 1968இல் ஆரோவில் தொடங்கியபோது அந்த மேடு பெரும்பாலும் அரித்துப்போன பொட்டலாக இருந்தது. வரப்புக் கட்டி மழைநீரைத் தடுத்து மரம் வைத்த பிறகே அங்கே நிழல் வந்தது. மண்ணை மாற்றுவதற்கு முன் மண் ஓடாமல் தடுக்க வேண்டும் என்பதற்கு அது கண்கூடான சான்று.

மூன்றாவது பாகூர்ப் பக்கத்து ஆற்று வண்டலும் களியும். பெண்ணையாற்று நீர் பங்காரு வாய்க்கால் வழியாகப் பாகூர் ஏரிக்கு வருகிறது. அந்த நீரோடு வந்த நுண்மண் நெல்லுக்கு ஏற்ற நிலத்தை உண்டாக்கியது. புதுச்சேரியின் நெற்களஞ்சியம் என்று பாகூரைச் சொல்வது இதனால்தான். இந்த மண்ணுக்கு வளம் உண்டு. ஆனால் வடிகால் குறைவு. அதுவே பின்னால் சொல்லப்போகும் தொல்லைக்கு இடம் கொடுக்கும்.

சத்தைப் பிடித்து வைப்பது எது?

களித் துகளின் மேற்பரப்பில் எதிர் மின்னேற்றம் உண்டு. சுண்ணாம்புச்சத்து, மக்னீசியம், சாம்பல்சத்து, அம்மோனிய வடிவில் உள்ள தழைச்சத்து ஆகியவை நேர் மின்னேற்றம் கொண்டவை. காந்தத்தில் இரும்புத்தூள் போல அவை களியின் மேல் ஒட்டிக்கொள்கின்றன. பயிரின் வேர் கேட்கும்போது களி அவற்றை விட்டுக்கொடுக்கிறது. மட்குக்கு இந்த ஆற்றல் களியைவிடவும் அதிகம். மணலுக்கோ மிகவும் குறைவு.

ஆகவே மணற்பாங்கான நிலத்தில் யூரியாவை ஒரே தடவையில் கொட்டினால், அது நைட்ரேட்டாக மாறி நீரோடு கீழே இறங்கிவிடும். பணம் கொடுத்து வாங்கிய உரம் நிலத்தடி நீருக்குப் போகும். அந்த நீரைத்தான் நம் வீட்டில் குடிக்கிறோம். இத்தகைய நிலத்துக்குத் தழைச்சத்தையும் சாம்பல்சத்தையும் பல தடவையாகப் பிரித்து இட வேண்டும். நெல்லுக்கு யூரியா, ஜிப்சம், வேப்பம்புண்ணாக்கு ஆகியவற்றை 5:4:1 என்ற விகிதத்தில் கலந்து ஓர் இரவு வைத்திருந்து இட்டால் சத்து மெல்ல வெளிவரும்.

மணலின் குணத்தையே சற்று மாற்ற வேண்டுமானால் ஏரி வண்டல் கைகொடுக்கும். கோடையில் ஏக்கருக்கு 10 டன் வண்டலும் அதனோடு தொழு உரம் அல்லது மட்கிய தென்னை நார்க் கழிவும் இட்டு உழலாம். புதுச்சேரிப் பகுதியில் 84 ஏரிகள் உண்டு. ஏரியின் அடியில் கிடக்கும் நுண்மண் ஒரு காலத்தில் நம் வயல்களிலிருந்து அரித்துப் போனதே. உரிய அனுமதி பெற்று அதை வயலுக்குத் திருப்பிக் கொண்டுவருவது ஏரிக்கும் நல்லது, வயலுக்கும் நல்லது. ஆனால் வண்டலையும் உப்பு இருக்கிறதா என்று சோதித்த பிறகே வண்டி ஏற்றுங்கள்.

உப்பு எங்கிருந்து வருகிறது?

இனிமேல் சொல்லப்போவதுதான் கரையோர உழவர்கள் முக்கியமாகக் கேட்க வேண்டியது.

கடல் நீர் ஒரு லிட்டரில் ஏறத்தாழ 35 கிராம் உப்பு உண்டு. கடலோர மணலுக்கு அடியில் மழையால் சேர்ந்த நன்னீர், கனமான உப்பு நீரின் மேல் மிதந்துகொண்டிருக்கிறது. நன்னீர் மட்டம் கடல் மட்டத்துக்கு மேல் ஓர் அடி இருந்தால், கீழே ஏறத்தாழ 40 அடி ஆழம் வரை நன்னீர் இருக்கும். நாம் மோட்டார் போட்டு இறைத்து மேல் மட்டத்தை ஓர் அடி குறைத்தால், கீழிருந்து உப்பு நீர் காலப்போக்கில் 40 அடி மேலே ஏறும். ஏரிப் பாசனம் குறைந்து ஆழ்துளைக் கிணறு பெருகிய பிறகு, புதுச்சேரியின் கரையோரக் கிணறுகள் பலவற்றில் நீர் உவர்த்ததற்கு இது ஒரு முக்கியக் காரணம்.

நீரின் உப்பை மின் கடத்தும் திறனைக் கொண்டு அளப்பார்கள். ஒரு டெசிசைமன் என்றால் லிட்டருக்கு ஏறத்தாழ 640 மில்லிகிராம் உப்பு. உங்கள் கிணற்று நீர் 2 டெசிசைமன் என்று வைத்துக்கொள்வோம். நாக்கில் வைத்தால் சற்றே உவர்க்கும், அவ்வளவுதான். அந்த நீரை ஒரு ஏக்கரில் 5 செ.மீ. உயரத்துக்கு ஒரே ஒரு தடவை பாய்ச்சினால் ஏறத்தாழ 260 கிலோ உப்பு வயலுக்குள் வந்துவிடும். அதாவது 50 கிலோ மூட்டை ஐந்துக்கும் மேல். பத்துத் தடவை பாய்ச்சினால் ஐம்பது மூட்டை. நீர் ஆவியாகிப் போகும், உப்பு போகாது. ஐந்து மூட்டை உப்பை யாராவது வயலில் கொட்ட வந்தால் விரட்டியிருப்பீர்கள். கிணறு கொட்டும்போது நமக்குத் தெரிவதில்லை.

உவர் வேறு, களர் வேறு

இந்த இடத்தில் என் அனுபவம் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். பணியில் சேர்ந்த புதிதில் கரையோரச் சிற்றூர் ஒன்றுக்குப் போயிருந்தேன். ஒன்றரை ஏக்கர் வைத்திருந்த பெரியவர் ஒருவர் தம் வயலைக் காட்டினார். நாற்று திட்டுத்திட்டாகக் காய்ந்திருந்தது. மண்ணின் மேல் வெள்ளையாகப் பூத்திருந்தது. நான் பார்த்த உடனே, "ஜிப்சம் போடுங்கள், சரியாகிவிடும்" என்று சொல்லிவிட்டு வந்தேன். அவர் கடன் வாங்கி ஜிப்சம் போட்டார். அடுத்த பருவம் வெள்ளைத் திட்டு இன்னும் பெரிதாயிற்று. பிறகுதான் மண்ணையும் கிணற்று நீரையும் சோதித்தோம். மண்ணின் கார அமில நிலை 8க்கும் கீழே இருந்தது. உப்பு மிகுதியாக இருந்தது. கிணற்று நீரே உப்பாகியிருந்தது. அந்த மண்ணுக்கு ஜிப்சம் தேவையே இல்லை.

பெரியவர் என்னைத் திட்டவில்லை. "ஐயா, நீங்க என்னைக் கேட்டீங்க. மண்ணைக் கேக்கலியே" என்று மட்டும் சொன்னார். அவர் இரண்டு போகம் இழந்ததற்கு நான் பொறுப்பு. அன்று முதல் சோதனை செய்யாமல் யாருக்கும் மருந்து சொல்வதில்லை.

நான் செய்த தவறு, உவரையும் களரையும் ஒன்றாக எண்ணியது. பேச்சு வழக்கில் இரண்டையும் மாற்றி மாற்றிச் சொல்கிறோம். ஆனால் நோய் வேறு, மருந்து வேறு.

உவர் நிலத்தில் கரையும் உப்புக்கள் மிகுந்திருக்கும். வெயில் காலத்தில் வெள்ளையாகப் பூக்கும். மண் பொலபொலவென்று இருக்கும். கார அமில நிலை 8.5க்குக் கீழே, மண்சாற்றின் மின் கடத்தும் திறன் 4 டெசிசைமனுக்கு மேல். இதில் நீர் இருந்தும் வேரால் உறிஞ்ச முடியாது. ஈர வயலில் பயிர் வாடும்.

களர் நிலத்தில் கரையும் உப்பு குறைவு. ஆனால் களித் துகளின் மேல் சோடியம் ஒட்டிக்கொண்டிருக்கும். களி பிடித்து வைத்துள்ள சத்துக்களில் 15 விழுக்காட்டுக்கு மேல் சோடியம் இருந்தால் அது களர். கார அமில நிலை 8.5க்கு மேல் இருக்கும். சோடியம் களித் துகள்களைப் பிரித்துக் கலைத்துவிடுவதால் நுண்துளைகள் அடைபடும். நனைந்தால் சேறாய் வழுக்கும். காய்ந்தால் கல்லாய் இறுகும். மழைநீர் நாட்கணக்கில் கலங்கலாகத் தேங்கி நிற்கும். மட்கு கரைந்து மேலே கறுப்புப் படலமாகத் தெரிவதும் உண்டு.

வயலிலேயே ஓரளவு கண்டறிய ஒரு வழி உண்டு. சுத்தமான மழைநீரில் சிறிது மண்ணைக் கலக்கி ஒரு கண்ணாடிக் குவளையில் வையுங்கள். விரைவில் தெளிந்தால் உவராக இருக்கலாம். ஒரு நாளாகியும் கலங்கியே இருந்தால் களராக இருக்கலாம். கிணற்று நீரில் செய்தால் தவறான முடிவு வரும். இது அடையாளம் மட்டுமே; முடிவு செய்ய ஆய்வுக்கூடம் வேண்டும். ஏனென்றால் இரண்டும் கலந்த உவர்களர் நிலமும் உண்டு. அதில் ஜிப்சம் இடாமல் வெறுமனே உப்பைக் கழுவினால் களராக மாறிவிடும்.

எந்த மண்ணுக்கு என்ன மருந்து?

உவர் நிலத்துக்கு மருந்து நல்ல நீரும் வடிகாலும். வயலைச் சமன் செய்து வரப்பை உயர்த்தி, வடிகால் வெட்டி, வடகிழக்குப் பருவ மழையை வயலிலேயே நிறுத்த வேண்டும். ஓர் அடி ஆழ மண்ணின் வழியாக ஓர் அடி உயர நல்ல நீர் இறங்கி வடிந்தால், அதிலுள்ள உப்பில் ஏறத்தாழ ஐந்தில் நான்கு பங்கு கழுவிப் போகும். புதுச்சேரியில் ஆண்டுக்கு 1,200 மி.மீ.க்கும் மேல் மழை பெய்கிறது. இந்த மருந்தை வானம் இலவசமாகத் தருகிறது. அதைக் கடலுக்கு விட்டுவிட்டு நாம் உப்புக் கிணற்றை இறைக்கிறோம்.

இது நடைமுறையில் பலித்ததை நாம் கண்டிருக்கிறோம். 2004 டிசம்பர் 26 அன்று ஆழிப்பேரலை நாகப்பட்டினம், காரைக்கால் பகுதிகளில் விளைநிலங்களுக்குள் கடல் நீரைக் கொண்டுவந்தது. இனி அங்கே நெல் விளையாது என்று பலர் அஞ்சினார்கள். படிந்த சேற்றை அகற்றி, வரப்புக் கட்டி, உழுது, தக்கைப்பூண்டு விதைத்து, தேவையான இடத்தில் மட்டும் ஜிப்சம் இட்டார்கள். 2005இல் நல்ல மழை பெய்தது. மணற்பாங்கான நிலங்கள் விரைவாகவும், களி நிலங்கள் சற்று மெதுவாகவும் மீண்டன. மணலின் குறை என்று நாம் சொன்ன அதே குணம், அதாவது நீரை நிறுத்தாமல் விடுவது, அப்போது அதற்கு நன்மையாக முடிந்தது.

களர் நிலத்துக்கு மருந்து ஜிப்சம். அதிலுள்ள கால்சியம் களியின் மேல் உள்ள சோடியத்தைத் தள்ளிவிட்டு அந்த இடத்தில் அமர்ந்துகொள்ளும். வெளியேறிய சோடியத்தை நல்ல நீர் விட்டு வடிகாலில் கழுவ வேண்டும். வடிகால் இல்லாமல் ஜிப்சம் இடுவதால் பயன் இல்லை. எவ்வளவு இட வேண்டும் என்பது ஆய்வுக்கூடம் சொல்லும் ஜிப்சத் தேவையைப் பொறுத்தது. அடுத்த வீட்டுக்காரர் போட்ட அளவைப் பொறுத்ததன்று. அதன் பின் தக்கைப்பூண்டை வளர்த்துப் பூக்கும் தருணத்தில் மடக்கி உழுங்கள். களர் நிலத்தில் துத்தநாகக் குறை வருவதால், நெல்லுக்கு மண் பரிசோதனைப்படி துத்தநாக சல்பேட்டு இடுங்கள். பொதுப் பரிந்துரை ஏக்கருக்கு 10 கிலோ. அதை மணலோடு கலந்து தூவ வேண்டும். மணிச்சத்து உரத்தோடு கலக்கக் கூடாது.

பயிரையும் பார்த்துத் தேர்ந்தெடுங்கள். மண்சாற்றில் கரும்பு 1.7 டெசிசைமனுக்கு மேல் போனாலே விளைச்சலை இழக்கத் தொடங்கும். நெல் 3 வரையிலும், நிலக்கடலை 3.2 வரையிலும், பருத்தி 7.7 வரையிலும் தாங்கும். நெல்லில் திருச்சி 1, கோ 43 ஆகியவை உப்பைத் தாங்கும் இரகங்கள்.

செம்மண்ணில் ஓடு கட்டும் தொல்லைக்கு, ஏக்கருக்கு 4 டன் தொழு உரத்தோடு, மண் புளிப்பாக இருந்தால் சுண்ணாம்பும் இல்லாவிட்டால் ஜிப்சமும் 800 கிலோ இட்டு உழலாம். அடிமண் இறுகியிருந்தால் மூன்று ஆண்டுக்கு ஒரு முறை உளிக் கலப்பையால் ஆழ உழ வேண்டும்.

மண் மாதிரி எடுக்கும் முறை

மாசி மகம் முடிந்து நீங்கள் ஊர் திரும்பும்போது சம்பா அறுவடை பெரும்பாலும் முடிந்திருக்கும். வயல் வெறுமையாக இருக்கும் அந்த நாட்கள் மண் மாதிரி எடுக்க ஏற்றவை.

நிறமும் மேடு பள்ளமும் வேறுபட்டால் தனித்தனி மாதிரி எடுங்கள். வரப்போரம், வாய்க்கால், மர நிழல், எருக்குவியல் இருந்த இடம் ஆகியவற்றைத் தவிருங்கள். மேலே உள்ள சருகை அகற்றி, மண்வெட்டியால் ஆங்கில எழுத்து 'வி' போல 15 செ.மீ. ஆழத்துக்கு வெட்டுங்கள்; கரும்புக்கும் பருத்திக்கும் 22 செ.மீ. ஆழம் வேண்டும். வெட்டிய பக்கத்தில் மேலிருந்து கீழ் வரை ஓர் அங்குலக் கனத்துக்கு மண்ணைச் சுரண்டுங்கள். இப்படிப் பத்துப் பதினைந்து இடங்களில் எடுத்துக் கலந்து, நான்கு பங்காக்கி எதிரெதிர்ப் பங்குகள் இரண்டை நீக்குங்கள். அரைக் கிலோ மிஞ்சும் வரை இப்படியே செய்து, நிழலில் உலர்த்தித் துணிப்பையில் போடுங்கள். உர மூட்டைச் சாக்கில் போடக் கூடாது. வெள்ளை பூத்த திட்டிலிருந்து எடுப்பதை நல்ல மண்ணோடு கலக்காமல் தனியாக அனுப்புங்கள்.

கிணற்று நீரையும் சேர்த்துக் கொடுங்கள். மோட்டாரைப் பத்து நிமிடம் ஓடவிட்டு, அதே நீரில் பாட்டிலை அலம்பி ஒரு லிட்டர் பிடித்தால் போதும். புதுச்சேரி உழவர்கள் வேளாண் துறையையோ குரும்பாப்பட்டு வேளாண் அறிவியல் நிலையத்தையோ அணுகலாம். தமிழக உழவர்கள் தங்கள் மாவட்ட மண் பரிசோதனை நிலையத்தை அணுகலாம்.

2015இல் நடுவண் அரசு தொடங்கிய மண்வள அட்டைத் திட்டத்தில் பன்னிரண்டு விவரங்கள் தரப்படுகின்றன. அட்டை கையில் வந்ததும் முதலில் கார அமில நிலையையும் மின் கடத்தும் திறனையும் பாருங்கள். இவை இரண்டும் சரியில்லாவிட்டால் மற்ற உரங்களுக்குச் செலவழிப்பது வீண். அடுத்து அங்ககக் கரிமத்தைப் பாருங்கள். அரை விழுக்காட்டுக்குக் குறைவானால் எருவும் பசுந்தாளும் தேவை. அதன் பிறகே தழை, மணி, சாம்பல் சத்துக்களுக்கு வாருங்கள். மணிச்சத்து எக்டேருக்கு 22 கிலோவுக்கு மேல் இருந்தால் அது மிகுதி. அந்த உரச் செலவைக் குறைத்துக்கொள்ளலாம். பலருடைய வயலில் தேவைக்கு மேல் மணிச்சத்து சேர்ந்திருக்க, வழக்கம் என்ற ஒரே காரணத்துக்காக மேலும் வாங்கிப் போடுகிறார்கள்.

உழவர் பெருமக்களே, நமக்கு உடல்நலம் இல்லாவிட்டால் இரத்தத்தைச் சோதித்த பிறகே மருந்து சாப்பிடுகிறோம். மண்ணுக்கு மட்டும் கடைக்காரர் கொடுத்ததைப் போடுகிறோம். என்னைப் போன்றவர்கள் வரப்பில் நின்று சொன்னதையும் போடுகிறோம். இனி யார் உங்கள் வயலுக்கு வந்து எந்த உரத்தைச் சொன்னாலும், "மண்ணைச் சோதித்தீர்களா, நீரைச் சோதித்தீர்களா?" என்று கேளுங்கள். நானே வந்து சொன்னாலும் கேளுங்கள். அன்று அந்தப் பெரியவர் எனக்குக் கற்றுக்கொடுத்த பாடம் அது. அவர் இரண்டு போகத்தை விலையாகக் கொடுத்தார். நீங்கள் அரைக் கிலோ மண்ணும் ஒரு லிட்டர் நீரும் கொடுத்தால் போதும்.